வான்கோழிப் பாணுக்குக் காணாதது

கிறிஸ்மஸுக்கு மறுநாள் எங்கள் தெரு முழுவதும் பாதி உறக்கத்தில் கிடக்கும். முதல் நாள் வரை ஓடித் திரிந்த கார்கள் பனியைப் போர்த்துக்கொண்டு நிற்கும். முன்வீட்டு வாசலில் காற்றூதி நிறுத்தியிருந்த பெரிய பனிமனிதன் காற்றுப் போய்க் குப்புறப் படுத்திருப்பான். பனி விழுகிறதா, நின்றுவிட்டதா, கூரையில் கிடந்ததைக் காற்று கிளப்பி விளையாடுகிறதா என்று ஜன்னலுக்குள் இருந்து பார்த்துச் சொல்ல முடியாது. நகரத்தின் ஓரத்தில், ரூஜ் என்ற இந்தப் பகுதியில் வீடு வாங்கி வந்த நாள் தொட்டு நான் கவனித்திருக்கிறேன், அன்றைக்கு மட்டும் வெளிச்சம் மேலிருந்து வருவதில்லை. நிலத்திலிருந்து எழும்பி வரும். அந்த வெளிச்சத்தில் என்னுடைய குசினியே வேறு யாருடையதோ என்று தோன்றும். கையில் தேத்தண்ணிக் கோப்பையோடு நின்று, நான் எழும்பிவிட்டேனா இல்லையா என்று யோசிப்பேன்.

பிறகு குளிர்பெட்டியைத் திறப்பேன். நடுத்தட்டில் வெள்ளித்தாளுக்குள் மிச்ச வான்கோழி இருக்கும். அதைக் கண்டதும் எழும்பியது உறுதியாகிவிடும்.

மிச்சம் என்று ஒரு பேச்சுக்குத்தான் சொல்கிறேன். முக்கால்வாசிப் பறவை அப்படியே கிடக்கும். உண்மையில் எங்கள் வீட்டில் வான்கோழி வேகுவது கிறிஸ்மஸுக்காக அல்ல, மறுநாள் அதை ரொட்டித்துண்டுகளுக்குள் வைத்துச் செய்யும் பாணுக்காக. முதல் நாள் எல்லோரும் மரியாதைக்கு இரண்டு துண்டு வெட்டிச் சாப்பிடுவோம். நெஞ்சிறைச்சி தொண்டையில் அடைக்கும். தண்ணீர் குடிப்போம். "நல்ல வடிவாய் வந்திருக்கு" என்று அதன் நிறத்தைப் புகழ்வோம். ருசியைப் பற்றி யாரும் வாய் திறப்பதில்லை.

நாங்கள் சைவ சமயத்தவர். கிறிஸ்மஸ் எங்களுக்கு மகள் வழியாக வந்த சொந்தம். எங்களுக்கு அவள் ஒரே பிள்ளை. பள்ளிக்கூடம் போகத் தொடங்கிய புதிதில், "எல்லாற்றை வீட்டிலையும் டேர்க்கி, எங்கட வீட்டிலை மட்டும் ஏன் புட்டு?" என்று கேட்டாள். கேள்வியில் நியாயம் இருந்தது. அப்போது ஸ்காபரோவில் ஓர் அடுக்குமாடியில் இருந்தோம். எப்போதும் இறைச்சி வாங்கும் தமிழ்க் கடைக்குப் போய் வான்கோழி ஒன்று வேண்டும் என்றேன். வெட்டுகிற தம்பி உள்ளேயிருந்து ஒன்றைத் தூக்கிக்கொண்டு வந்து காட்டினான்.

"தோல் உரிக்கிறதுதானே, அக்கா?"

"ஓம்."

"கறித்துண்டுதானே?"

"ஓம் தம்பி."

அந்தக் கடையில் இந்த இரண்டு கேள்விகளும் சுகம் விசாரிப்பதைப் போல. யாரும் யோசித்துப் பதில் சொல்வதில்லை. தோலோடு கோழி தின்பதை எங்கள் ஆட்கள் ஒருநாளும் ஒப்புக்கொண்டதில்லை. முழுப் பறவையை எவரும் வீட்டுக்குக் கொண்டுபோனதும் இல்லை. நான் மிளகாய்த்தூள் பைகளைப் புரட்டிக்கொண்டிருந்தேன். வாள் மிசின் ஓடுகிற சத்தம் காதில் விழுந்தது. அது என்னுடைய வான்கோழியின் மேல் ஓடுகிறது என்று எனக்கு உறைத்தபோது, தம்பி கடைசிப் பையை முடிச்சுப் போட்டுக்கொண்டிருந்தான்.

வீட்டில் மகள் மேசைக்கு விரிப்பு விரித்து நடுவில் பெரிய தட்டை வைத்துவிட்டுக் காத்திருந்தாள். பைகளை ஒவ்வொன்றாகத் திறந்து பார்த்தாள். "அம்மா, டேர்க்கி எங்கே?" என்றாள். இதுதான் என்றேன். அவள் நம்பவில்லை. நம்பிய பிறகு அழத் தொடங்கினாள், மாலை வரை நிறுத்தவில்லை. நான் வேறு என்ன செய்ய முடியும்? உள்ளியும் இஞ்சியும் இடித்துப் போட்டுக் கறி வைத்தேன். அவள் தொடவே இல்லை.

மறுநாள் காலை என் வீட்டுக்காரர், இனி இவர் என்றே எழுதுகிறேன், பேசாமல் குசினிக்குள் போனார். கறியிலிருந்த துண்டுகளை எலும்பு நீக்கிப் பிய்த்தார். தாச்சியில் வெங்காயமும் பச்சை மிளகாயும் கறிவேப்பிலையும் போட்டு வதக்கி, இறைச்சியைக் கொட்டி வரள வரளப் பிரட்டினார். அதைப் பட்டர் பூசிய பாணுக்குள் வைத்து, தோசைக்கல்லில் போட்டு, மேலே கனமான சட்டி ஒன்றை ஏற்றிவிட்டார். பாண் பொன்னிறமாகித் தட்டையாகியது. மகள் விக்கிக்கொண்டே ஒரு கடி கடித்தாள். பிறகு விக்கல் நின்றது.

"அப்பா, இது டேர்க்கி சாண்ட்விச்தானே?"

"இல்லை பிள்ளை. இது வான்கோழிப் பாண். உம்மட வகுப்பிலை ஒருத்தற்றை வீட்டிலையும் இல்லை."

அதன்பிறகு வந்த ஒவ்வொரு கிறிஸ்மஸுக்கும் வான்கோழி தோலோடும் உடம்போடும் எங்கள் மேசைக்கு வந்துவிட்டது. மகள் பெரியவளானதும் அவளே வாட்டப் பழகினாள். கலியாணம் முடித்து ஸ்ரௌவ்வில்லில் வீடு வாங்கிப் போன பிறகு அங்கேயே வாட்டிக் காரில் ஏற்றிக்கொண்டு வருகிறாள். மறுநாள் பாண் மட்டும் மாறவில்லை. மாறியது ஒன்றுதான். கண்டுபிடித்தவர் ஒரே வருடத்தில் அடுப்பை விட்டு விலகிக்கொண்டார். சமைப்பது என் தலையில் விழுந்தது. இவர் மேசையில் இருந்து தீர்ப்புச் சொல்லும் வேலையை எடுத்துக்கொண்டார்.

இவருடைய தீர்ப்பைப் பற்றிச் சொல்லாமல் மேலே போக முடியாது. முதல் வாயை எடுத்து வைப்பார். மெல்லுவார். மெல்லும்போது தலைக்கு மேலே முகட்டைப் பார்ப்பார், அங்கே யாரோ விடை எழுதி வைத்திருப்பதாக நினைப்பு. பிறகு சொல்வார்: "உப்புக் காணாது." இல்லாவிட்டால், "புளி காணாது." இரண்டும் சரியாக இருந்துவிட்டால், "அடுப்பிலை இன்னும் கொஞ்சம் நிண்டிருக்க வேணும், வேக்காடு காணாது."

எங்கள் ஊர்ப் பேச்சில் காணும் என்றால் போதும், காணாது என்றால் போதாது. பிக்கரிங்கில் ஒரு முதியோர் இல்லத்தில் நான் பகுதிநேரம் வேலை செய்கிறேன். அங்கே சென்னையிலிருந்து வந்த பிள்ளை ஒருத்தி இருக்கிறாள். ஒருநாள் மத்தியானச் சாப்பாட்டில் "உப்புக் காணாது" என்று சொன்னேன். அவள் குனிந்து மேசைக்குக் கீழே உப்புப் போத்தலைத் தேடத் தொடங்கிவிட்டாள். இந்தக் கதையை இவருக்குச் சொன்னபோது இவர் சிரிக்கவில்லை. "எண்டாலும் உப்பு இல்லாமல் சமைச்சது பிழைதானே," என்றார்.

இத்தனை காலத்தில் இவர் வாயிலிருந்து 'நல்லாயிருக்கு' என்ற சொல் வந்ததில்லை. எனக்குக் கோபம் வரும். சட்டியை நங்கென்று வைப்பேன். "காணாதெண்டால் எழும்பிப்போய்ச் சமையுங்கோ," என்பேன். இவர் எழும்ப மாட்டார். எல்லாவற்றையும் வழித்துச் சாப்பிட்டுவிட்டு, கறிவேப்பிலையை மட்டும் தட்டின் ஓரத்தில் வரிசையாக அடுக்கி வைப்பார். அதையும் சொல்ல வேண்டும். கறிவேப்பிலை குறைந்தால் முதலில் கண்டுபிடிப்பவர் இவர்தான், ஆனால் ஒரு இலையைக்கூடத் தின்ன மாட்டார். அதனால் வான்கோழிப் பாணுக்கு மட்டும் நான் இலையைப் பொடிப்பொடியாக அரிந்து போடுவேன். ஒதுக்க முடியாமல் இவர் தவிப்பதைப் பார்ப்பதில் எனக்கு ஒரு சின்னச் சந்தோஷம்.

போன குளிர்காலக் கடைசியில் இவருக்கு ஒரு காய்ச்சல் வந்தது. எல்லோருக்கும் வருகிற காய்ச்சல்தான். இருமல், உடம்பு உளைவு, ஒரு கிழமைப் படுக்கை. எழும்பிய பிறகு இவர் பழையபடி பள்ளிக்கூட பஸ் ஓட்டப் போனார். ஆனால் சாப்பாட்டு மேசையில் ஒரு புதிய மனிதர் வந்து இருந்தார்.

"எப்பிடி இருக்கு?" என்று கேட்பேன்.

"நல்லாயிருக்கு."

"உப்பு?"

"காணும்."

"புளி?"

"காணும், காணும். எல்லாம் காணும்."

நான் ஏமாந்த விதத்தை நினைத்தால் இப்போதும் வெட்கமாக இருக்கிறது. லண்டனில் இருக்கும் தங்கச்சிக்குப் போன் எடுத்து, "மனுசன் கடைசியிலை திருந்தியிட்டுது," என்று பெருமையடித்தேன். அவளும் எனக்காகச் சந்தோஷப்பட்டாள். நான் ஒவ்வொரு நாளும் புதிது புதிதாகச் சமைத்தேன். ஒடியல்கூழ் காய்ச்சினேன். காணும். கணவாய் பிரட்டினேன். காணும். உள்ளுக்குள் எங்கோ ஒரு சின்ன நெருடல் இருந்தது, புதுச் செருப்பில் மணல் அகப்பட்ட மாதிரி. ஆனால் புகழ்ச்சியை யார் சந்தேகப்படுவார்கள்?

கோடை தொடங்கிய ஒரு பின்னேரம் வேலையால் வந்து முன்கதவைத் திறந்தேன். பால் கருகிய மணம் முகத்தில் அடித்தது. ஓடிப்போய்ப் பார்த்தால், அடுப்பில் பால் வற்றி, சட்டியின் அடி கரியாகி இருந்தது. அடுப்புக்குப் பக்கத்தில், கை நீட்டினால் தொடும் தூரத்தில், இவர் பேப்பர் வாசித்துக்கொண்டிருந்தார். அடுப்பை நிறுத்திவிட்டு இவரைப் பார்த்தேன். இவர் நிமிர்ந்து என்னைப் பார்த்து, "என்ன?" என்றார்.

அந்த 'என்ன'வில் எனக்கு எல்லாம் விளங்கிவிட்டது.

"எப்ப துடக்கம்?"

இவர் பேப்பரை மடித்தார். "காய்ச்சலோடை. ஒண்டுமே மணக்கேல்லை. நாக்கிலை உப்பு, உறைப்பு இருக்கெண்டு தெரியும். அதுக்கு மேலை ஒண்டுமில்லை. பஸ்ஸுக்குள்ளை பிள்ளையள் தோடம்பழம் உரிச்சால் கண்ணாலை கண்டால்தான் எனக்குத் தெரியும்."

"ஏன் சொல்லேல்லை?"

"சொன்னால் நீர் சமைக்கிறதை விட்டுப்போடுவீர்."

 கரிச்சட்டியை ஊறப் போட்டுவிட்டு அதையே தேய்த்துக்கொண்டு நின்றேன். இத்தனை வருடமாக நான் வெறுத்த ஒரு சொல்லை, இனி ஒருவேளை கேட்கவே மாட்டேன் என்று தெரிந்ததும், அது வேண்டும் என்று என் மனம் அடித்துக்கொண்டது. காணாது என்று இவர் இன்னொரு தரம் சொல்ல வேண்டும். எனக்கு வேறொன்றும் வேண்டியிருக்கவில்லை.

குடும்ப வைத்தியர் நல்லவர். மணம் திரும்பி வரலாம், வராமலும் போகலாம், மூக்குக்குப் பயிற்சி கொடுத்துப் பாருங்கள் என்றார். தெரிந்த மணங்களை ஒவ்வொரு நாளும் முகர்ந்து, அது எப்படி மணக்கும் என்று நினைத்துப் பார்க்க வேண்டுமாம். ஜன்னலோரத்தில் சின்னப் போத்தல்கள் வைத்தேன். ஒன்றில் கராம்பு, ஒன்றில் கோப்பித்தூள், ஒன்றில் தேசிக்காய்த் தோல். நாலாவதற்குப் போத்தல் தேவைப்படவில்லை. பக்கத்திலேயே தொட்டியில் கறிவேப்பிலைச் செடி நின்றது.

அந்தச் செடியும் எங்களோடு குடும்பமாய் இருப்பதுதான். கோடையில் பின்வளவில் நிற்கும், குளிர் தொடங்குமுன் உள்ளே வந்துவிடும். ஒவ்வொரு காலையும் ஒரு இலையைக் கிள்ளி, விரலுக்கிடையில் கசக்கி, இவர் மூக்கடியில் பிடிப்பேன்.

"மணக்குதோ?"

"மணக்கேல்லை."

"நினைச்சுப் பாருங்கோ."

"நினைக்கிறன். நினைப்புத்தான் இருக்கு."

ஒருநாள் காலை இவர் எழும்பிக் கட்டிலின் ஓரத்தில் வெகுநேரம் இருந்தார். என்னவென்று கேட்டேன். "கனவிலை மணக்குது," என்றார். "கனவிலை நீர் சோறு போட்டனீர். கறி, பொரியல், சொதி. எல்லாம் மணந்துது. ஒரு குறையும் இல்லை. கனவுச் சாப்பாட்டிலை எல்லாம் காணும், தெரியுமோ? ஒண்டும் குறையாது. அதாலைதான் கனவெண்டு எனக்குத் தெரிஞ்சுபோகும்." சொல்லிவிட்டுச் சிரித்தார். நான் சிரிக்கவில்லை. என் சமையலை இவர் நித்திரையில்தான் சாப்பிட முடிகிறது, அந்தச் சமையலில் எனக்குப் பங்கே இல்லை. எனக்குப் பொறாமையாக இருந்தது. நானே எனக்குச் சக்களத்தியானேன்.

இலைகள் குறைந்துகொண்டே போயின. குளிர்காலத்தில் வீட்டுக்குள் நிற்கும் செடி புதிதாகத் துளிர்ப்பது அபூர்வம். கிள்ளிக் கிள்ளி, மார்கழி பிறந்தபோது நுனியில் ஒரு கொழுந்து மட்டும் மிஞ்சியது. அதைக் கிள்ளப் போன என் கையை இவர் பிடித்து நிறுத்தினார்.

"விடும். செடியாவது பிழைக்கட்டும். காணும்."

நான் எவ்வளவோ சொல்லிப் பார்த்தேன். சண்டையும் பிடித்தேன். இவர் அசையவில்லை. போத்தல்களைத் தானே கழுவிக் கவிழ்த்து வைத்தார். அந்தக் 'காணும்' எனக்குப் பிடிக்கவில்லை. அது போதும் என்பது அல்ல, கைவிட்டுவிட்டேன் என்பது.

இப்படியாகக் கிறிஸ்மஸ் வந்தது. மகளும் மருமகனும் வான்கோழியோடு வந்து இறங்கினார்கள். தோல் பளபளவென்று மினுங்கியது. மகள் மெழுகுதிரி ஏற்றினாள், இவர் வெட்டினார், எல்லோரும் நிறத்தைப் புகழ்ந்தோம். "அப்பா, எப்படி?" என்று மகள் கேட்டாள். "நல்லாயிருக்கு," என்றார் இவர். சாப்பிட்டு முடிந்து மகள் மெழுகுதிரியை ஊதி அணைத்தபோது இவர் சட்டென்று தலையைத் திருப்பி அந்தப் பக்கம் பார்த்தார். புகை சுருண்டு போவதைப் பார்க்கிறார் என்று நினைத்தேன். பிறகு அதை மறந்துபோனேன்.

போகும்போது மகள் வாசலில் சப்பாத்தை மாட்டிக்கொண்டே குரலைத் தாழ்த்திச் சொன்னாள்: "அம்மா, அப்பா கம்ப்ளெயின் பண்ணுறதே இல்லை. ஐ ஹேற் இட்." கண் கலங்கியிருந்தது. "லெஃப்ட் ஓவர் எல்லாம் நீங்களே வச்சிருங்கோ. நாளைக்கு அப்பாக்கு அந்தப் பாணைச் செய்து குடுங்கோ, என்ன?"

"அவருக்குத்தான் ஒண்டும் தெரியாதே, பிள்ளை."

"எண்டாலும் செய்யுங்கோ."

மறுநாள், நான் முதலில் சொன்ன அந்த வெளிச்சத்தில், குளிர்பெட்டியைத் திறந்துவைத்துக்கொண்டு நின்றேன். செய்வதா, விடுவதா? குளிர் இறைச்சியை அப்படியே பாணுக்குள் வைத்து நீட்டினால் இவருக்கு என்ன வித்தியாசம் தெரியப்போகிறது? ஒரு நிமிடம் உண்மையாகவே அப்படி நினைத்தேன். களைப்பாக இருந்தது. மணக்காத ஒருவருக்கு ஒவ்வொரு நாளும் சமைத்து என் கை அலுத்துவிட்டது. பிறகு மகள் சொன்னது நினைவுக்கு வந்தது. தாச்சியை எடுத்தேன்.

இறைச்சியை நாராகப் பிய்த்தேன். வெங்காயத்தை அரிந்தேன். ஜன்னலுக்கு வெளியே பனி மேலும் கீழுமாக அலைந்துகொண்டிருந்தது. எண்ணெயில் கடுகு வெடித்தது, பெருஞ்சீரகம் பொரிந்தது, வெங்காயம் சிவந்தது, கறித்தூள் விழுந்ததும் மணம் ஒருதரம் எழும்பிக் குசினியை நிரப்பியது. படிகளில் ஏறி மேலே போனது. துவாய்க்குள்ளும் திரைச்சீலைக்குள்ளும் போய் இருந்துகொண்டது. இவ்வளவும் எனக்கு ஒருத்திக்குத்தான். ஒரு வீட்டில் இரண்டு பேர் இருந்து, ஒருவருக்கு மட்டும் மணப்பது எவ்வளவு தனிமை என்று யாரும் எனக்குச் சொல்லவில்லை. அந்த மணத்துக்குள் நான் நின்றேன், நிற்கிறேனா மிதக்கிறேனா என்று தெரியாமல்.

கறிவேப்பிலைக்குக் கை போனது. ஜன்னலோரத்தில் செடி அந்த ஒற்றைக் கொழுந்தோடு நின்றது. கடையில் வாங்கி வந்ததும் முடிந்துபோயிருந்தது. கையை எடுத்துவிட்டேன். இவர் பிழைக்க விட்ட செடி, இவர் அறியமாட்டாத ஒரு மணத்துக்காக ஏன் சாக வேண்டும்? தேசிக்காய்ப் புளியைப் பிழிந்து அடுப்பை அணைத்தேன்.

பாணுக்குப் பட்டர் பூசி, நடுவில் இறைச்சியை நிரப்பி, தோசைக்கல்லில் வைத்து, கனச் சட்டியை ஏற்றினேன். பொன்னிறமாகியதும் குறுக்காக வெட்டித் தட்டில் வைத்தேன். இவர் மேலேயிருந்து இறங்கி வந்தார். பள்ளிக்கூடம் விடுமுறை என்பதால் நேரம் கழித்து எழும்பியிருந்தார். கலைந்த தலையோடு மேசையில் இருந்து, ஜன்னலைப் பார்த்தபடியே பாணை எடுத்துக் கடித்தார். உள்ளே என்ன இருக்கிறது என்று பிரித்துக்கூடப் பார்க்கவில்லை.

மென்றார். மெல்லுவதை நிறுத்தினார். பிறகு தலையை மெதுவாக உயர்த்தி முகட்டைப் பார்த்தார்.

எத்தனையோ மாதமாக இவர் முகட்டைப் பார்த்ததில்லை. நான் கரண்டியை வைத்துவிட்டேன்.

"இஞ்சேரும்," என்றார், சத்தம் வராத குரலில். "வெங்காயம் மணக்குது."

"என்ன சொல்லுறியள்?"

"வெங்காயம். கறித்தூள். அதுக்குள்ளை பெருஞ்சீரகம் வேறையாய் மணக்குது. பட்டர் மணக்குது." இவர் பாணைக் கீழே வைக்கவில்லை. கண்களை மூடிக்கொண்டார். நான் எதிர்க் கதிரையில் போய் இருந்தேன். இவர் இன்னொரு கடி எடுத்தார், மிக மெதுவாக, சத்தம் போட்டால் ஓடிவிடும் என்ற பயத்தில். பிறகு இவர் முகம் வாடியது.

"கறிவேப்பிலை மட்டும் மணக்கேல்லை," என்றார். "எல்லாம் திரும்பி வந்திட்டுது. அது மட்டும் வரேல்லை. அது போயிட்டுது போலை."

  நான் வாயைப் பொத்திக்கொண்டதைப் பார்த்து இவர் பயந்துவிட்டார்.

"என்னப்பா? ஏன்? இது கனவோ?"

"கனவெண்டால் கறிவேப்பிலை இருந்திருக்கும்," என்றேன். "நான் இண்டைக்குக் கறிவேப்பிலை போடேல்லை."

இவர் என்னைப் பார்த்தார். பாணைப் பிரித்து உள்ளே பார்த்தார். மறுபடி என்னைப் பார்த்தார். இவர் முகத்தில் சந்தோஷம் வருமென்று காத்திருந்தேன். வந்தது எனக்கு நன்றாகத் தெரிந்த அந்தப் பழைய முகம்தான். புருவம் சுருங்கி, உதடு ஒரு பக்கம் போனது.

"கறிவேப்பிலை போடாமல் என்னெண்டு வான்கோழிப் பாண் செய்யுறது?"

எழும்பி ஜன்னலடிக்குப் போனேன். கண் மறைத்ததால் செடியைத் தடவித்தான் கண்டுபிடித்தேன். அந்தக் கொழுந்தைக் கிள்ளினேன். உள்ளங்கையில் வைத்துக் கசக்கி, கொண்டுவந்து இவர் மூக்கடியில் பிடித்தேன். இவர் என் மணிக்கட்டை இரண்டு கைகளாலும் பிடித்துக்கொண்டார். மூச்சு என் உள்ளங்கையில் போய்ப் போய் வந்தது. வெளியே பனி விழுந்துகொண்டிருந்தது, இப்போது நன்றாகத் தெரிந்தது, மேலிருந்து கீழாக.

"இப்ப?" என்றேன்.

இவர் கண்களைத் திறக்கவில்லை. கன்னம் நனைந்திருந்தது. முகத்தை என் கைக்குள் இன்னும் ஆழமாகப் புதைத்துக்கொண்டு சொன்னார்:

"காணாது."

செடியில் வெறும் தண்டுதான் நின்றது. நான் கண்ணைத் துடைத்துக்கொண்டு, கடைக்குப் போகக் கார்ச் சாவியைத் தேடினேன்.